நான்காவது பீப்

"யாராவது கேட்டா, அலறினது நான்தான்னு சொல்வீங்களா?"

நடீன் ஹால்வர்சனிடம் ஒருத்தி இப்படிக் கேட்டது 1979-இல். அமெரிக்காவின் சினிமா ஊர்களில் ஒன்றான பர்பேங்கில் ஒரு டப்பிங் தியேட்டரின் மூன்றாம் மாடி நடையில். கேட்டவளுக்கு நாற்பது வயதிருக்கும். கனத்த மூக்குக்கண்ணாடி, முழங்கையில் நூல் பிரிந்த கம்பளிச் சட்டை, மடியில் ஒரு பழுப்புக் காகிதப் பை. கைக்குட்டையை வாயில் அழுத்தியபடி கேட்டாள். குரல் வரவில்லை, காற்றுதான் வந்தது.

"கண்டிப்பா. இதெல்லாம் ஒரு கேள்வியா?" என்றாள் நடீன். அப்போது அவளுக்கு இருபத்தாறு வயது.

அதன் பிறகு நாற்பத்தைந்து ஆண்டுகளில் எத்தனையோ பேர் கேட்டார்கள். நடீன் ஒருவரிடமும் சொல்லவில்லை.

இப்போது அதே கட்டடத்தின் வாசலில் மறுபடி வந்து நின்றாள். பகல் பதினொரு மணி. மலைப் பக்கமிருந்து அனல்காற்று வீசிக்கொண்டிருந்தது. கட்டடத்துக்குப் புதிதாகச் சாம்பல் நிறம் பூசியிருந்தார்கள். கிழவிக்கு மாவு அப்பியதுபோல் இருந்தது நடீனுக்கு. தன் முகத்திலும் அன்று காலை அப்பியிருந்தது அதே மாவுதான் என்பது அவளுக்குத் தோன்றவில்லை.

வரவேற்பு மேசையில் யெசேனியா என்ற பெண் உட்கார்ந்திருந்தாள். நீல நகங்கள். தலையைத் தூக்காமலே கேட்டாள்.

"உங்க பேரு என்ன?"

"நடீன் ஹால்வர்சன்."

"ஸ்பெல்லிங் சொல்லுங்க."

நடீன் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி, முகத்தைச் சரியான கோணத்தில் திருப்பிக் காட்டினாள். யெசேனியா அந்த முகத்தைப் பார்த்தாள், ஓட்டுநர் உரிமத்தைப் பார்த்தாள், மறுபடி முகத்தைப் பார்த்தாள்.

"என்ன, அடையாளம் தெரியுதா?" என்று சிரித்தாள் நடீன்.

"எங்க அத்தையோட பல் டாக்டர் மாதிரி இருக்கீங்க," என்று சொல்லிவிட்டு, 'நாடின் ஹாலோர்சன்' என்று எழுதிய ஒட்டுச்சீட்டை நீட்டினாள். "சட்டையில ஒட்டிக்குங்க. போகும்போது கிழிச்சுப் போட்டுடுங்க."

பழைய லிப்ட். ஒவ்வொரு மாடியைத் தாண்டும்போதும் ஒரு சத்தம் போட்டது.

பீப்.

பீப்.

பீப்.

மூன்றாவது முடிந்ததும் நடீனின் தாடை தானாக லேசாக இறங்கியது. பழக்கதோஷம் என்று நினைத்துக்கொண்டாள். டப்பிங்கில் அப்படித்தான். திரையில் காட்சி ஓடும், காதில் மூன்று பீப் வரும். நான்காவது வராது. அது வர வேண்டிய இடத்தில் நடிகர் வாயைத் திறக்க வேண்டும்.

நடீனின் தொழில் வாழ்க்கையைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. 1979-இல் 'சோளக்கிடங்கு' என்ற படம். அயோவாவில் ஒரு பண்ணை, ஒரு கொலைகாரன், உயரமான தகரக் கிடங்குக்குள் மாட்டிக்கொள்ளும் ஒரு பெண். மேலேயிருந்து சோளம் கொட்டுகிறது. கழுத்துவரை ஏறியதும் அவள் அலறுகிறாள். பதினொரு விநாடி. அந்தப் பதினொரு விநாடிக்காக மக்கள் இரண்டாம் முறை போய்ப் பார்த்தார்கள். பத்திரிகைக்காரர்கள் 'ரத்தம் உறைந்தது' என்று எழுதினார்கள். அடுத்த ஆண்டு ஒன்றும் வரவில்லை. அதற்கடுத்த ஆண்டு ஒரு மருத்துவமனைத் தொடரில் இரண்டாவது நர்ஸ். பிறகு ஒரு வழக்கறிஞரின் காரியதரிசி. நாயோடு நடக்கப் போய்ப் பிணத்தைக் கண்டெடுக்கும் பெண்ணாக, வெவ்வேறு தொடர்களில் மூன்று முறை. பாத்திரம் கழுவும் சோப்பு ஒன்றின் விளம்பரம். பகல்நேரத் தொடர் ஒன்றில் நான்கு மாதம் பக்கத்து வீட்டுக்காரி. அவளை மாடிப்படியில் உருட்டிவிட்டுக் கொன்றபோது, ஏன் கொன்றீர்கள் என்று கேட்டு ஒரு கடிதம்கூட வரவில்லை.

மிச்சம் இருந்தது அலறல் மட்டும். விமான நிலையத்துப் பக்கத்து ஓட்டல்களில் திகில் பட ரசிகர்கள் கூடும் சந்தைகளில், ஒரு மடக்கு மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து, சோளத்தில் புதைந்த தன் புகைப்படத்தில் பெயரெழுதி, பெயருக்குப் பக்கத்தில் ஓர் இதயம் வரைந்து கொடுப்பாள். கறுப்புப் பனியன் போட்ட, வழுக்கை விழுந்த ரசிகர்கள் வரிசையில் நிற்பார்கள். அவர்களைப் பார்த்தால் அவளுக்குக் குமட்டும்.

"ஒரே ஒரு தடவை அலறிக் காட்டுங்களேன், நடீன்!"

"ஐயோ, தொண்டையை இன்ஷூர் பண்ணி வச்சிருக்கேன் கண்ணா. கம்பெனிக்காரன் கேஸ் போட்டுடுவான்."

சிரிப்பார்கள். அடுத்த ஆளை அழைப்பாள்.

இப்போது 'சோளக்கிடங்கு' மறுபடி படமாகிறது. அதில் பண்ணை முதலாளியம்மா பாத்திரம். இருபத்திரண்டு காட்சி. பத்தொன்பது ஆண்டுகளில் நடீனைத் தேடி வந்த முதல் பாத்திரம். இயக்குநர் கோல்ட்டன் ஒரே ஒரு நிபந்தனை போட்டிருந்தான். முன்னோட்டத்துக்கு அந்த அலறல் புதிதாக வேண்டும், அதே தொண்டையிலிருந்து. பழைய ஒலிநாடா உப்பிக் கெட்டுப்போய்விட்டதாம்.

முடியாது என்றால் பாத்திரம் பாட்ரிஸ் லூமுக்குப் போய்விடும். பாட்ரிஸ், பிசாசுப் படங்களில் இன்னமும் நிஜமாகவே அலறுகிறவள். எழுபது வயதிலும் பல்லெல்லாம் தெரியச் சிரிக்கிறவள். அவளுக்குப் போவதைவிடச் செத்துப்போகலாம் என்று நடீன் தன் ஏஜெண்டிடம் சொல்லியிருந்தாள்.

லிப்ட் திறந்தது.

நடை அப்படியேதான் இருந்தது. புதுப் பெயிண்ட் இந்த மாடிவரை ஏறவில்லை. சன்னல் கிடையாது. கோடியில் ஒரு குழல்விளக்கு மட்டும் சோர்ந்துபோய் எரிந்தது. சுவரோரம் தோல் இருக்கை வைத்த ஒரு மரநாற்காலி. அதைத் தாண்டும்போது ஒரு வாசனை வந்தது. வேகவைத்த முட்டையும் யூகலிப்டஸ் இருமல் மிட்டாயும் கலந்த வாசனை.

நடீன் நின்றாள்.

நாற்காலியில் யாரும் இல்லை. இருக்கையின் தோல் மட்டும், யாரோ இப்போதுதான் எழுந்து போனதுபோல, மெல்ல மெல்ல மேலே எழும்பிக்கொண்டிருந்தது.

"லெஜண்ட்! வாங்க வாங்க!" கோல்ட்டன் கதவைத் திறந்துகொண்டு வந்தான். முப்பது வயது, தொப்பி, வெறுங்காலில் செருப்பு. கட்டிப்பிடித்தான், அவள் தோளுக்கு மேலாகத் தன் போனைப் பார்த்தபடி. "எங்க அப்பா உங்க பரம ரசிகர். சின்ன வயசுல உங்களைப் பார்த்துதான் படுக்கையை நனைச்சாராம்."

"அவருக்கு என் அன்பைச் சொல்லுங்க," என்றாள் நடீன்.

சவுண்டு இன்ஜினியர் வாஹே உள்ளே உட்கார்ந்திருந்தான். பக்கத்து ஊரான கிளெண்டேலைச் சேர்ந்த அர்மீனியன், நாற்பத்தைந்து வயது, நிறையப் பேசாதவன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த பதிவறைக்கு அவளை அழைத்துப்போய் மைக்கை உயரம் சரிசெய்தான்.

"மூணு பீப் வரும் மேடம். நாலாவது..."

"தெரியும்பா. நீ பிறக்கறதுக்கு முன்னாடியே தெரியும்."

கதவு மூடியது. கனமான கதவு. வெளியிலிருந்த சத்தமெல்லாம் கத்தரித்ததுபோல் நின்றது. விளக்கை அணைத்தார்கள். திரை வெளிச்சம் மட்டும்.

திரையில் சோளம் கொட்டத் தொடங்கியது. இருபத்தாறு வயது நடீன் கழுத்துவரை புதைந்து, வாயை அகலத் திறந்தாள். சத்தமில்லாமல்.

அந்த வாய்க்குள் அன்றும் சத்தமில்லை. படப்பிடிப்பில் அவள் அலறியது பூனையின் வாலை மிதித்ததுபோல் இருந்தது. டப்பிங்கில் சரிசெய்யலாம் என்றார்கள். இதே அறையில் ஒரு காலை முழுக்க அலறினாள். அன்றைய இயக்குநர் பத்துப் பேர் முன்னால் சொன்னார்: "இவளைக் கொலை பண்ண வர்றவன் சிரிச்சே செத்துடுவான்." பிறகு, கூட்டக் குரல் கொடுக்க வந்து நடையில் காலையிலிருந்து காத்திருந்தவளைக் கூப்பிட்டார்கள். டெல்ஃபா க்ரம்லி. சந்தைக் கூச்சல், விருந்துச் சலசலப்பு, கூட்டத்தில் ஒருத்தி, இதுதான் அவள் பிழைப்பு. முட்டை சாண்ட்விச்சைப் பாதியில் மடித்து, இருமல் மிட்டாய்களோடு காகிதப் பையில் வைத்துவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு வந்தாள். கண்ணாடியைச் சரிசெய்தாள். மூன்று பீப்.

அறையில் இருந்த ஒரு ஆண்பிள்ளை அழுதுவிட்டார்.

பதினொரு விநாடி. முடிந்ததும் டெல்ஃபாவின் கைக்குட்டை சிவந்திருந்தது. ஒரு தடவை போதும் என்று எல்லோரும் சொன்னார்கள். இன்னொன்று எடுக்கச் சொன்னது நடீன்தான். "சேஃப்டிக்கு ஒண்ணு எடுத்துடலாமே," என்று சிரித்தாள். யார் எவ்வளவு நன்றாகச் செய்தாலும் அந்த ஊரில் சேஃப்டிக்கு ஒன்று எடுப்பது வழக்கம். தன் காலைப்பொழுதைக் கேலிக்கூத்தாக்கியவளின் தொண்டை கிழியட்டும் என்றுதான் அவள் வழக்கத்தைக் கையில் எடுத்தாள்.

டெல்ஃபா இன்னொரு முறை அலறினாள்.

அப்புறம்தான் நடையில் அந்தக் கேள்வி. அதற்கு நடீன் கண்டிப்பாக என்றாள். நாலடி தள்ளிப் போய் இயக்குநரிடம், "அந்த மூஞ்சியை யாரு பார்ப்பாங்க? அதான் கடவுள் தொண்டையை மட்டும் குடுத்திருக்கான்," என்றாள். இரண்டு பேரும் சிரித்தார்கள். நாலடி ஒன்றும் பெரிய தூரமில்லை. டெல்ஃபாவுக்குக் கேட்டது. நடிகர் சங்கத்து இதழின் கடைசிப் பக்கத்தில், இறந்தவர்கள் வரிசையில், அவள் பெயர் அந்தக் குளிர்காலமே வந்தது. ரத்தம் நிற்கவில்லையாம். நடீன் அந்தப் பக்கத்தின் மேல் காப்பிக் கோப்பையை வைத்தாள்.

"ரெடியா, லெஜண்ட்?" காதில் கோல்ட்டன்.

பீப். பீப். பீப்.

நடீன் அலறினாள்.

பூனை. வயதான பூனை.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கோல்ட்டன் வாஹேயிடம் ஏதோ சொன்னான். சிரித்தான். பேச்சுப் பொத்தான் அமுங்கியிருந்ததை அவன் கவனிக்கவில்லை. "...இதுக்கு எங்க வீட்டுக் கதவே தேவலாம். பாட்ரிஸுக்குப் போன் போடு." வாஹே பொத்தானைச் சட்டென்று விட்டான். கோல்ட்டன் அதை மறுபடி அமுக்கினான், முகம் இனித்தது. "அருமை! சும்மா தொண்டையைச் சூடுபண்ணிக்கிட்டீங்க, இல்லையா? இன்னொண்ணு போலாம்."

இருபத்திரண்டு காட்சி. பாட்ரிஸின் பல்.

நடீன் கண்ணை மூடினாள். எனக்குக் குடு என்றாள் மனசுக்குள். யாரிடம் கேட்கிறோம் என்பது தெரிந்தேதான் கேட்டாள். ஒரு தடவை குடு, கழுதை. செத்தவளுக்கு எதற்கு?

பீப்.

முட்டை வாசனை.

பீப்.

பின்கழுத்தில் யாரோ வாயால் மூச்சு விட்டார்கள். சூடு இல்லாத மூச்சு.

பீப்.

நடீன் வாயைத் திறந்தாள்.

அது வந்தது.

அவள் தொண்டையில் எதுவும் அசையவில்லை. ஆனாலும் அது அவள் வாய் வழியாக வந்தது. கிடங்கின் தகரம் அதிர்வதுபோல் தொடங்கி, மேலே மேலே ஏறி, ஒரு மனுஷி தன்னிடம் இருப்பதையெல்லாம் வாரி வெளியே கொட்டுவதுபோல் உடைந்து, பதினொன்றாம் விநாடியில் நின்றது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கோல்ட்டனின் தொப்பி கீழே கிடந்தது. அவன் எழுந்து நின்றிருந்தான்.

"அம்மாடி..." என்றான். முதன்முறையாகப் போனைப் பார்க்காமல் பேசினான். "நடீன். ஒண்ணு கேக்கணும். நெட்ல ரொம்ப நாளா ஒரு பேச்சு இருக்கு. படத்துல அலறினது நீங்க இல்ல, வேற யாரோன்னு. உண்மையா?"

அறை இருட்டாக இருந்தது. பின்னால் அந்த மூச்சு நின்றது. பதிலுக்காகக் காத்திருக்கும்போது நிற்பதுபோல.

ஒரு பெயர். இரண்டு சொல். சொல்லியிருக்கலாம். அலறல் பதிவாகிவிட்டது, பாத்திரமும் கைக்கு வந்துவிட்டது, சொன்னால்கூடக் குறையப்போவது ஒன்றுமில்லை.

"இப்பத்தானே உன் காதால கேட்டே?" என்றாள் நடீன். "வேற யாருக்கு இப்படி ஒரு தொண்டை இருக்கு?"

கண்ணாடியில் திரை வெளிச்சம் பட்டு அவள் முகம் தெரிந்தது. தோளுக்குப் பின்னால் இரண்டு வட்டங்கள் தெரிந்தன. கனத்த மூக்குக்கண்ணாடியில் விழும் வெளிச்சம்போல.

வட்டங்கள் அவளையே பார்த்தன. அதில் கோபம் இல்லை. செருப்படியில் ஒட்டியிருப்பதைப் பார்க்கும் பார்வை.

"சூப்பர்!" என்றான் கோல்ட்டன். "சேஃப்டிக்கு ஒண்ணு எடுத்துடலாம்."

"வேண்டாம்," என்றாள் நடீன்.

"ஒண்ணே ஒண்ணு."

"வேண்டாம்ங்கறேன்ல! கதவைத் திறங்க!"

அவன் அதற்குள் போனை எடுத்துத் தலை குனிந்திருந்தான். வாஹேயின் கை ஏற்கெனவே விசையைத் தட்டிவிட்டிருந்தது.

பீப்.

நடீன் உதடுகளை இறுக்கினாள்.

பீப்.

உள்ளங்கையால் வாயைப் பொத்தினாள். அதன் மேல் இன்னொரு கை.

பீப்.

அலறல் வந்தது.

பொத்திய கைக்குள்ளிருந்து அல்ல. அவளுக்குள்ளிருந்து, எலும்புக்குள்ளிருந்து. பற்கள் ஆடின. பதினொரு விநாடி ஆனது. பன்னிரண்டு ஆனது. பதினைந்து. திரையில் காட்சி முடிந்து வெள்ளையாகி, அதன் பிறகும் அலறல் ஓடியது. நின்றபோது அவள் விரலிடுக்கில் வெதுவெதுப்பாக ஏதோ வழிந்தது.

கோல்ட்டன் கை தட்டினான். அவன் எதையும் பார்க்கவில்லை. போனில் யாரிடமோ, "பாட்ரிஸ் வேண்டாம்னு சொல்லிடு. கிழவி பின்னிட்டா," என்று சொல்லிக்கொண்டே நடைக்குப் போனான்.

வாஹே பார்த்திருந்தான். பதிவறைக்குள் வந்தான். அவன் முகம் வெளுத்திருந்தது. ஒரு காகிதத்தையும் பேனாவையும் அவள் முன்னால் வைத்தான். வழக்கமான பதிவுத்தாள். படம், தேதி, அதற்குக் கீழே 'குரல் கொடுத்தவர்' என்று ஒரு கோடு.

மிக மெதுவாகக் கேட்டான்.

"மேடம், உங்க பின்னாடி நின்னாங்களே. அவங்க பேரு என்ன?"

நடீன் வாயைத் திறந்தாள். எனக்குத் தெரியாது, உனக்குப் பைத்தியமா, என்று சொல்ல நினைத்தாள். ஒன்றும் வரவில்லை. இருமல்கூட இல்லை. தொண்டையைத் துடைத்து எடுத்துப் போய்விட்டதுபோல் இருந்தது. கழுத்தைத் தடவினாள். மறுபடி முயன்றாள். காற்றுதான் வந்தது.

வாஹே பேனாவை அவள் பக்கம் தள்ளினான். "எழுதுங்க," என்றான். கெஞ்சுவதுபோல் இருந்தது. "எழுதிட்டா விட்டுடுவாங்கன்னு தோணுது."

அவள் பேனாவை எடுத்தாள். கோட்டைப் பார்த்தாள். அறை முழுக்க இருமல் மிட்டாய் வாசனை. ஏதோ ஒன்று அவள் கைக்கு மேலாகக் குனிந்து, எழுத்தைப் படிப்பதற்காகக் காத்திருந்தது.

கை பழகிய வேகத்தில் ஓடியது. நடீன் ஹால்வர்சன். பக்கத்தில் ஓர் இதயம்.

வாஹே அந்த இதயத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தான். காகிதத்தைத் தொடாமல் பின்னால் நகர்ந்து அவளுக்கு வழிவிட்டான்.

நடையில் கோல்ட்டன் கோடிக்குப் போய் முதுகைக் காட்டியபடி பேசிக்கொண்டிருந்தான். மரநாற்காலியில் ஒரு பழுப்புக் காகிதப் பை இருந்தது. அடியில் எண்ணெய் ஊறியிருந்தது. நடீன் சுவரோடு ஒட்டி அதைத் தாண்டி, லிப்டுக்குள் போய்ப் பொத்தானைப் பலமுறை அமுக்கினாள். குரல் திரும்பிவிடும். தேன், வெந்நீர், இரண்டு நாள் ஓய்வு. படப்பிடிப்புக்கு இன்னும் ஆறு வாரம் இருக்கிறது. இருபத்திரண்டு காட்சி.

கதவு மூடியது.

பீப்.

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

பீப்.

கையால் தாடையைப் பிடித்தாள். தாடை இறங்கத் தொடங்கியிருந்தது.

பீப்.

தரைத்தளத்தில் கதவு திறந்ததும் அலறல் வரவேற்பறை முழுக்கப் பாய்ந்தது. மேசை மேலிருந்த தண்ணீர் பாட்டில் உருண்டு விழுந்தது. யெசேனியா நாற்காலியோடு சுவரில் மோதி, இரண்டு நீலநகக் கைகளாலும் காதைப் பொத்தினாள். பதினொரு விநாடி. பிறகு அமைதி. வாசலுக்கு வெளியே குப்பை லாரி ஒன்று பின்வாங்கத் தயாராக நின்றுகொண்டிருந்தது.

லிப்டுக்குள் வாயை மூட முடியாமல் நின்றுகொண்டிருந்தவளை யெசேனியா வெறித்துப் பார்த்தாள். அப்புறம் அவள் தோளுக்குப் பின்னால் பார்த்தாள்.

"கடவுளே," என்றாள். "யாருங்க அது அலறினது?"

நடீன் சட்டையிலிருந்த ஒட்டுச்சீட்டைக் கிழித்து மேசையில் வைத்தாள். கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டாள். லாரி பின்வாங்கத் தொடங்கி முதல் பீப் ஒலித்தபோது, கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே போனாள்.